மலையாளப் படங்களில் யாரோ ஒருவர் எப்போதும் ஊரில் இல்லை

2016இல் வந்த 'மகேஷின்டெ ப்ரதிகாரம்' பழிவாங்கும் கதைதான். இடுக்கி மாவட்டத்தில் பிரகாஷ் என்கிற சின்ன ஊரில் போட்டோ ஸ்டூடியோ வைத்திருக்கும் மகேஷை நடுத்தெருவில், ஊரே பார்க்க, ஒருவன் அடித்துப் போட்டுவிடுகிறான். திருப்பி அடிக்கும்வரை காலில் செருப்பு போடமாட்டேன் என்று மகேஷ் சபதம் எடுக்கிறான். சரி, அடித்தவன் எங்கே என்று தேடிப் போனால் அவன் துபாய்க்கு வேலைக்குப் போய்விட்டான். அவன் திரும்பி வரும்வரை நாயகன் வெறுங்காலோடு ஊரைச் சுற்ற வேண்டியதுதான், படமும் அவனோடு சேர்ந்து காத்திருக்கிறது. அந்த இடைவெளியில் ஒரு காதல் முறிகிறது, இன்னொரு காதல் தொடங்குகிறது, அப்பாவிடமிருந்து புகைப்படம் எடுப்பது என்றால் என்ன என்று மகன் கற்றுக்கொள்கிறான்.

இதை யாரும் கல்ஃப் படம் என்று வகைப்படுத்துவதில்லை. ஒரு காட்சிகூட வளைகுடாவில் நடக்காது. ஆனால் எதிரி வெளிநாட்டுக்கு வேலைக்குப் போய்விட்டதால் பழிவாங்கல் தள்ளிப்போகும் ஒரு கதை கேரளாவில்தான் இவ்வளவு சாதாரணமாக எழுதப்படும் என்று எனக்குத் தோன்றுகிறது. மலையாளப் படங்களைப் பற்றிப் பேசும்போது நாம் "யதார்த்தம், யதார்த்தம்" என்று சொல்லிக்கொண்டே இருக்கிறோம். அந்த யதார்த்தம் எங்கிருந்து வருகிறது என்று கேட்டால் கேமரா, நடிப்பு, சின்ன பட்ஜெட் என்று பதில் வரும். அதெல்லாம் உண்மைதான். அதற்கெல்லாம் அடியில் இன்னொன்று இருக்கிறது: வீட்டுக்கு ஒருவர் வெளியே போய்விட்ட ஒரு சமூகம், மிச்சம் இருப்பவர்களின் அன்றாடத்தைத்தான் கதையாகப் பார்த்துப் பழகியிருக்கிறது.

எண்ணிக்கையைக் கொஞ்சம் பார்த்துவிடலாம். திருவனந்தபுரத்தில் இருக்கும் வளர்ச்சி ஆய்வு மையம் 1998இல் தொடங்கிய கேரளப் புலம்பெயர்வுக் கணக்கெடுப்பு சில ஆண்டுகளுக்கு ஒருமுறை நடந்து வருகிறது. 1998இல் வெளிநாட்டில் இருந்த கேரளத்தவர் ஏறத்தாழ 13.6 லட்சம். 2013இல் அது 24 லட்சத்தைத் தொட்டது, 2018இல் 21 லட்சமாகக் குறைந்து, 2023இல் மறுபடி 22 லட்சம். அந்த ஒரே ஆண்டில் ஊருக்கு வந்த பணம் 2 லட்சம் கோடி ரூபாய்க்கு மேல். மூன்றரைக் கோடி மக்கள் உள்ள ஒரு மாநிலத்துக்கு இது எவ்வளவு பெரிய தொகை என்று சொல்ல வேண்டியதில்லை. பள்ளிக்கூடம், ஆஸ்பத்திரி, நகைக்கடை, இரண்டு மாடி வீடு, கல்யாணம், அந்தக் கல்யாணத்தின் வீடியோ, அந்த வீடியோவை எடுத்தவன் பிறகு எடுத்த சினிமா, எல்லாவற்றிலும் அந்தப் பணம் கலந்திருக்கிறது.

ஆனால் கதை கல்ஃபில் தொடங்கவில்லை. மலையாளத்தின் முதல் படமான 'விகதகுமாரன்' மௌனப்படம். வெகுகாலம் 1928 என்றும் பிறகு 1930 என்றும் ஆண்டு சொல்லப்படுகிற அந்தப் படத்தின் கதையே திருவிதாங்கூரிலிருந்து கடத்தப்பட்டு இலங்கைக்குக் கொண்டுபோகப்படும் ஒரு பையனைப் பற்றியதுதான். அவன் அங்கே தோட்டத்தில் கூலியாக வளர்கிறான். எடுத்தவர் ஜே. சி. டேனியல், இன்றைய கன்னியாகுமரி மாவட்டத்தின் அகஸ்தீஸ்வரத்துக்காரர். நாயகியாக நடித்தவர் பி. கே. ரோசி, தலித் பெண். அவர் நாயர் பெண்ணாகத் திரையில் வந்ததைப் பொறுக்காமல் திருவனந்தபுரத்தில் ஆதிக்க சாதியினர் கலவரம் செய்தார்கள், அவரை ஊரைவிட்டே துரத்தினார்கள். ரோசி தமிழ்நாட்டுப் பக்கம் வந்து, பேர் தெரியாமல் வாழ்ந்து மறைந்தார். டேனியலும் கையில் இருந்ததை எல்லாம் இழந்து, பின்னாளில் அகஸ்தீஸ்வரத்தில் வறுமையில் 1975இல் இறந்தார். மலையாள சினிமாவின் மிக உயர்ந்த விருது இப்போது அவர் பெயரில் தரப்படுகிறது. முதல் படத்தின் கதையிலும் ஒருவன் கடல் கடந்து போகிறான், படத்துக்கு வெளியேயும் நாயகி எல்லை கடந்து ஓட வேண்டியிருந்தது. இந்த இரண்டாவது வகைப் புலம்பெயர்வு, அதாவது சாதி துரத்தி ஊரைவிட்டுப் போவது, பின்னாளைய படங்களிலும் அவ்வப்போது தலைகாட்டும். அதைப் பிறகு சொல்கிறேன்.

அப்புறம் மலையாளத்தின் முதல் பேசும் படம் 'பாலன்', 1938. அதைத் தயாரித்தது சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் டி. ஆர். சுந்தரம். 1947இல் ஆலப்புழையில் குஞ்சாக்கோவின் உதயா ஸ்டூடியோவும், 1951இல் திருவனந்தபுரத்தில் சுப்ரமணியத்தின் மெரிலாண்டும் வந்த பிறகும்கூட, மலையாள சினிமாவின் பெரும்பகுதி பல பத்தாண்டுகளுக்குச் சென்னை கோடம்பாக்கத்தில்தான் நடந்தது. நடிகர்கள், எழுத்தாளர்கள், எடிட்டர்கள், பாடகர்கள் எல்லோரும் இங்கே வாடகை வீடுகளிலும் லாட்ஜுகளிலும் வாழ்ந்தவர்கள். கேரளத்தின் வயலும் காயலும் பேசும் கதைகளை எழுதியவர்கள் வடபழனியில் உட்கார்ந்து எழுதினார்கள். ஊரைவிட்டு வந்தவனுக்கு ஊரின் சின்ன விவரங்கள் எல்லாம் துல்லியமாக நினைவிருக்கும் இல்லையா, அந்தப் பழைய படங்களில் பேச்சிலும் சாப்பாட்டிலும் இருக்கும் கவனத்தில் எனக்கு அது தெரிகிறது.

1960களில் மலபார் கரையிலிருந்து லாஞ்ச் ஏறி, பாஸ்போர்ட் விசா எதுவும் இல்லாமல் அரபிக் கடலைக் கடந்தவர்கள்தான் முதல் தலைமுறை கல்ஃப்காரர்கள். கோர்ஃபக்கான் கரைக்குக் கொஞ்ச தூரத்தில் இறக்கிவிடுவார்கள், நீந்திக் கரையேற வேண்டும். நீந்த முடியாதவர்கள் எத்தனை பேர் என்பதற்குக் கணக்கு கிடையாது. 1973க்குப் பிறகு எண்ணெய் விலை ஏறி, வளைகுடா முழுவதும் கட்டடம் எழும்ப ஆரம்பித்ததும் போக்குவரத்து பெருகியது. சினிமா இதைக் கையில் எடுக்கக் கொஞ்ச காலம் ஆனது. எம். டி. வாசுதேவன் நாயர் எழுதி 1980இல் வந்த 'வில்க்கானுண்டு ஸ்வப்னங்கள்' ஆரம்பகால கல்ஃப் படங்களில் முக்கியமானது. மம்மூட்டி ஒரு சின்ன வேடத்தில் வருவார்.

ஆனால் கேரளம் இந்தக் கனவைத் திரையில் முழுசாகப் பார்த்துக்கொண்டது 1987இல், சத்யன் அந்திக்காடு இயக்கி ஸ்ரீனிவாசன் எழுதிய 'நாடோடிக்காற்று' வந்தபோதுதான். தாசனும் விஜயனும். ஒருவன் பி.காம் முதல் வகுப்பில் தேறியவன், அதை எந்த இடத்திலும் சொல்லாமல் விடமாட்டான். பியூன் வேலை போகிறது, கடன் வாங்கி மாடு வாங்குகிறார்கள், அதுவும் கைவிடுகிறது. கடைசியாகக் கையில் இருப்பதைக் கஃபூர் என்கிற ஏஜென்டிடம் கொடுத்து துபாய்க்கு உரு என்கிற மரக்கப்பல் ஏறுகிறார்கள். கரை நெருங்கியதும் குதித்து நீந்தச் சொல்கிறான், போட்டுக்கொள்ள அரபி உடையும் கொடுக்கிறான். கரையேறினால் அது சென்னை. தமிழ்நாட்டில் இந்தக் காட்சியை நகைச்சுவையாக மட்டும் ரசித்தவர்கள் நிறைய, 'கதாநாயகன்' என்று தமிழிலும் எடுத்தார்கள். எண்பதுகளின் கேரளத்தில் அந்த ஏமாற்று வேலை பலர் வீட்டில் நடந்த கதை. நிலத்தை விற்று, அம்மா தாலியை அடகு வைத்து, ஏஜென்டிடம் கொடுத்துவிட்டு பம்பாயில் மாதக்கணக்கில் காத்துக் கிடந்தவர்கள் ஒவ்வொரு ஊரிலும் இருந்தார்கள். படித்தவனுக்கு ஊரில் வேலை இல்லை என்கிற விஷயத்தை இவ்வளவு லேசாகவும் இவ்வளவு வலியோடும் சொன்ன படம் குறைவு.

அதே கூட்டணி 1989இல் 'வரவேல்பு' எடுத்தது. இதில் மோகன்லால் கல்ஃபில் ஏழு வருடம் உழைத்துவிட்டு, இனி ஊரோடு இருக்கலாம் என்று திரும்பி வருகிறவன். வந்த முதல் நாளில் வீடே அவனைக் கொண்டாடுகிறது, கொண்டுவந்த சாமான் தீர்ந்ததும் பேச்சு மாறுகிறது. பஸ் ஒன்று வாங்குகிறான், பெயர் கல்ஃப் மோட்டார்ஸ். சங்கம், அபராதம், அதிகாரி, கண்டக்டர் என்று ஒவ்வொருவராக அதைத் தின்று தீர்க்கிறார்கள். பஸ் வாங்கி நொடித்துப்போன தன் அப்பாவின் அனுபவம்தான் கதைக்கு அடி என்று ஸ்ரீனிவாசன் சொல்லியிருக்கிறார். தொழிற்சங்கங்களை இந்தப் படம் ஒரு பக்கமாகக் காட்டுகிறது என்கிற விமர்சனம் அன்றிலிருந்து இன்றுவரை உண்டு, அதில் நியாயமும் உண்டு. ஆனால் திரும்பி வருகிறவனுக்கு ஊரில் இடமில்லை என்கிற விஷயத்தை அது தொட்ட ஆழம் வேறு. பணம் அனுப்பும்வரை அவன் அந்த வீட்டின் தூண், வந்து உட்கார்ந்துவிட்டால் பாரம்.

இந்தப் பணத்துக்குப் பின்னால் இருக்கும் பிரிவைப் படங்களுக்கு முன்பே பாட்டு சொல்லிவிட்டது. எழுபதுகளில் எஸ். ஏ. ஜமீல் எழுதிப் பாடிய 'துபாய் கத்து பாட்டு' மலபார் முஸ்லிம்களின் மாப்பிளைப் பாட்டு மரபில் வந்தது. மனைவி கணவனுக்கு எழுதும் கடிதம், பிறகு கணவன் எழுதும் பதில். உடலின் தவிப்பு உட்பட எல்லாவற்றையும் அந்தப் பெண் கேட்டுவிடுகிறாள். டேப் ரெக்கார்டர் வழியே அது மலபாரிலும் வளைகுடாவின் லேபர் கேம்புகளிலும் ஓடியது. சினிமா அந்த அளவுக்குத் துணிந்து பேசப் பல வருடம் ஆனது என்றுதான் சொல்லவேண்டும். 2015இல் சலீம் அஹமத் எடுத்த 'பத்தேமாரி'யில் மம்மூட்டியின் நாராயணன், லாஞ்சில் போன தலைமுறையின் ஆள். வாழ்க்கை முழுக்க அங்கே, வீடு இங்கே. விடுமுறைக்கு வந்து போகும் காட்சிகள்தான் அந்தப் படத்தின் உயிர்: பெட்டி பிரிப்பது, யாருக்கு என்ன என்று பங்கு வைப்பது, கோடாலித் தைலம், பால்பவுடர், சென்ட் பாட்டில், துணி. கொடுத்து முடித்ததும் அவரிடம் கடன் கேட்க ஒருவர் வந்து நிற்பார். இந்தப் பெட்டி கீழக்கரையிலும் அதிராம்பட்டினத்திலும் பிரிக்கப்பட்ட அதே பெட்டிதான், தமிழ் வாசகர்களுக்கு விளக்கத் தேவையில்லை.

2024இல் வந்த 'ஆடுஜீவிதம்' பற்றி நிறையப் பேசியாகிவிட்டது. பென்யாமின் 2008இல் எழுதிய நாவல், பிளெஸ்ஸி அதைத் திரைக்குக் கொண்டுவரப் பதினைந்து வருடத்துக்கு மேல் ஆனது, ஜோர்டானில் படப்பிடிப்பு நடக்கும்போது கொரோனா ஊரடங்கில் குழுவே மாட்டிக்கொண்டது. எனக்கு அதில் பிடித்த விஷயம் ஒன்றுண்டு. நஜீப் ஊரில் ஆற்றில் முங்கி மணல் அள்ளுகிறவன். தண்ணீருக்கு அடியில் வாழ்ந்தவன் தண்ணீரே இல்லாத இடத்தில் ஆடு மேய்க்கிறான், படம் அந்த ஆற்றையும் மணலையும் திரும்பத் திரும்பப் பக்கத்தில் வைக்கிறது.

போனவர்கள் என்றால் ஆண்கள் என்கிற நினைப்பு படங்களில் வெகுகாலம் இருந்தது. உண்மையில் 1960களிலேயே மலையாளப் பெண்கள் நர்ஸ் வேலைக்குக் கத்தோலிக்க சபையின் ஏற்பாட்டில் ஜெர்மனிக்குப் போக ஆரம்பித்துவிட்டார்கள், கேரளத்தின் எத்தனையோ வீடுகள் ஒரு நர்ஸின் சம்பளத்தில் எழும்பியவை. சினிமாவில் அவர்களுக்கு நாயகி இடம் கிடைத்தது தாமதமாகத்தான். 2011இல் மலையாள இயக்குநர் கமல் எடுத்த 'கத்தாமா' சவூதியில் வீட்டு வேலைக்குப் போய் மாட்டிக்கொள்ளும் பெண்ணைப் பற்றியது. 2014இல் ஈராக்கின் திக்ரித்தில் சிக்கிய நர்ஸ்களின் கதையை மகேஷ் நாராயணன் 2017இல் 'டேக் ஆஃப்' ஆக எடுத்தார். மீட்பு நடவடிக்கை பாதியைவிட, அதற்கு முந்தைய பாதி எனக்கு முக்கியம். நாயகி சமீரா ஏன் அந்த நாட்டுக்குப் போகச் சம்மதிக்கிறாள் என்பதை அந்தப் பாதி விளக்குகிறது: நர்ஸிங் படிக்க வாங்கிய கடன், விவாகரத்து, பிள்ளை, ஊரில் நர்ஸுக்குக் கிடைக்கும் அற்பச் சம்பளம். போருக்கு நடுவே வேலைக்குப் போகிறார்களே என்று டிவி பார்த்து ஆச்சரியப்பட்டவர்களுக்கு அதுதான் பதில். அதே இயக்குநரின் 'அறியிப்பு' (2022) நொய்டாவில் ஒரு கையுறைத் தொழிற்சாலையில் வேலை செய்துகொண்டு வெளிநாட்டு விசாவுக்காகக் காத்திருக்கும் தம்பதியைப் பற்றியது. அங்கே போக இங்கே காத்திருப்பது, அந்தக் காத்திருப்புக்குள் ஒரு திருமணம் அரித்துப்போவது.

பாயல் கபாடியாவின் 'ஆல் வி இமேஜின் ஆஸ் லைட்' 2024இல் கான் விழாவில் கிராண்ட் ப்ரீ வாங்கியது. இயக்குநர் மலையாளி இல்லை, ஆனால் படம் பெரும்பாலும் மலையாளம் பேசுகிறது, மும்பையில் வேலை செய்யும் மலையாளி நர்ஸ்களைப் பற்றியது. பிரபாவின் கணவன் கல்யாணம் ஆன சூட்டோடு ஜெர்மனிக்குப் போனவன், போன் வருவதும் நின்றுவிட்டது. ஒருநாள் பார்சல் வருகிறது, உள்ளே சிவப்பு நிறத்தில் ஒரு மின்சார ரைஸ் குக்கர். அனுப்பியவர் பெயர் இல்லை. அடியில் ஜெர்மனி என்று இருக்கிறது. இரவில் யாரும் பார்க்காதபோது பிரபா தரையில் உட்கார்ந்து அந்தக் குக்கரைக் கட்டிக்கொள்கிறாள். பெட்டி பிரிக்கும் பழைய கல்ஃப் காட்சியின் நேர்ப் பேத்தி இந்தக் காட்சி என்று நான் நினைக்கிறேன். இங்கே வருவதற்கு ஆள் இல்லை, சாமான் மட்டும்.

இப்போது யதார்த்தத்துக்கு வருகிறேன். திலீஷ் போத்தனின் 'தொண்டிமுதலும் த்ருக்சாட்சியும்' (2017) படத்தைக் கொஞ்சம் பக்கத்தில் போய்ப் பார்க்கலாம். ஒரு தாலிச் சங்கிலி பஸ்ஸில் திருடு போகிறது, திருடன் அதை விழுங்கிவிடுகிறான், போலீஸ் ஸ்டேஷனில் எல்லோரும் அது வெளியே வரக் காத்திருக்கிறார்கள். இதுதான் கதை. ஆனால் அந்தச் சங்கிலி ஏன் பஸ்ஸில் போகிறது? ஆலப்புழைப் பக்கத்து ஈழவ சாதிப் பையனும் ஸ்ரீஜா என்கிற நாயர்ப் பெண்ணும் கல்யாணம் செய்துகொள்கிறார்கள். பெண் வீட்டில் ஏற்கவில்லை. ஊரில் இருக்கமுடியாமல் மாநிலத்தின் மறு கோடிக்கு, காசர்கோடுக்குக் குடி போகிறார்கள். அங்கே வாங்கிய நிலத்தில் தண்ணீர் இல்லை. ஆழ்துளைக் கிணறு போடப் பணம் வேண்டும், அதற்குத்தான் சங்கிலி. நான்கு பக்கமும் தண்ணீர் சூழ்ந்த ஊரிலிருந்து சாதி துரத்திய ஒரு பெண் தண்ணீருக்காகத் தன் தாலிச் சங்கிலியை விற்கப் போகிறாள். இதையெல்லாம் படம் வசனமாகச் சொல்லி விளக்காது. ஸ்டேஷனில் முகவரி கேட்கும்போது, இவ்வளவு தூரம் ஏன் வந்தீர்கள் என்று கேட்கும்போது, துண்டு துண்டாகத் தெரியவரும்.

ரோசிக்கும் ஸ்ரீஜாவுக்கும் நடுவே தொண்ணூறு வருடம் ஓடியிருக்கிறது.

அந்த ஸ்டேஷனில் இருக்கும் போலீஸ்காரர்களில் பெரும்பாலானோர் நிஜப் போலீஸ்காரர்கள். சப்-இன்ஸ்பெக்டராக வரும் சிபி தாமஸ் நிஜ வாழ்விலும் காவல் துறை அதிகாரி. அதனால்தான் அவர்கள் மேசையில் கை வைக்கும் விதம், பேப்பரைத் தள்ளும் விதம், அடிக்கப்போகும் முன் சட்டென்று வரும் அந்தச் சலிப்பு எல்லாம் அப்படி இருக்கிறது. அதே போல 'அங்கமாலி டைரீஸ்' (2017) படத்தில் 86 புதுமுகங்கள். எழுதியவர் செம்பன் வினோத் ஜோஸ் அந்த ஊர்க்காரர்.

இந்த ஊர் விஷயம் முக்கியம். எண்பது தொண்ணூறுகளின் மலையாளப் படம் என்றால் ஒற்றப்பாலம், ஷொர்ணூர் பக்கத்துத் தறவாடு என்கிற பூர்வீகப் பெருவீடு, நிளா நதி, வள்ளுவநாட்டு மலையாளம். எல்லோரும் அந்த ஒரே மொழியைப் பேசினார்கள், கொல்லத்துக்காரன் பாத்திரம்கூட. அது பெரும்பாலும் மேல்சாதி வீடுகளின் உலகம். 2010க்குப் பிறகு வந்தவர்கள் கேமராவை இடுக்கிக்கும், காசர்கோடுக்கும், மலப்புறத்துக்கும், கொச்சியின் சேரிக்கும் எடுத்துப்போனார்கள். ராஜீவ் ரவியின் 'கம்மட்டிபாடம்' (2016) கொச்சி நகரம் எந்த தலித் குடும்பங்களின் வயல்மேல் எழும்பியது என்பதைச் சொன்னது, விநாயகன் அதற்காக மாநில விருது வாங்கினார். நகரத்துக்கு யாரும் குடி போகவில்லை, நகரம் வந்து இவர்களை வெளியே தள்ளியது. முன்னாலேயே அடூர் கோபாலகிருஷ்ணன் 'விதேயன்' (1993) படத்தில், திருவிதாங்கூரிலிருந்து நிலம் தேடி வடக்கே போய்க் கர்நாடக எல்லையில் ஒரு பண்ணையாருக்கு அடிமையாகும் கிறிஸ்தவக் குடியேற்றக்காரனைக் காட்டியிருந்தார். குடியேறியவன் என்றாலே உழைத்து முன்னேறியவன் என்கிற பெருமைக் கதைக்கு அந்தப் படம் அப்போதே மறுப்பு எழுதிவிட்டது.

வீட்டுக்குள் வரலாம். 'கும்பளங்கி நைட்ஸ்' (2019) ஆரம்பத்தில் விடுமுறைக்கு வீட்டுக்கு வரும் கடைக்குட்டிப் பையன், நண்பர்கள் தன் வீட்டுக்கு வந்துவிடக்கூடாது என்று வீட்டில் அம்மை போட்டிருக்கிறது எனப் பொய் சொல்கிறான். பூச்சு இல்லாத செங்கல் சுவர், கதவு இல்லாத வீடு, நான்கு ஆண்கள், சமைக்க ஆள் இல்லை, அம்மா ஊழியத்துக்குப் போய்விட்டாள். எதிரில் ஷம்மி என்கிறவனின் சுத்தமான, ஒழுங்கான வீடு. எந்த வீடு ஆபத்தானது என்பதைப் படம் மெதுவாகத் திருப்பிக் காட்டும். ஜியோ பேபியின் 'தி கிரேட் இந்தியன் கிச்சன்' (2021) இதையே அடுக்களைக்குள் கொண்டுபோனது: ஒழுகும் தொட்டிக் குழாய், கீழே வைத்த அழுக்குத் தண்ணீர்ச் சட்டி, மேசையில் துப்பிவைத்த முருங்கைச் சக்கை. படித்த, எழுத்தறிவில் முன்னணியில் இருக்கும் மாநிலத்தின் வீடுதான் அது. இந்த மாதிரிப் படங்களை எடுக்கும் தொழிலுக்குள்ளேயே பெண்கள் எப்படி நடத்தப்படுகிறார்கள் என்பதை 2024 ஆகஸ்டில் வெளியான ஹேமா கமிட்டி அறிக்கை சொன்னது. 2019 கடைசியில் அரசிடம் கொடுத்த அறிக்கை வெளியே வர நான்கரை வருடத்துக்கு மேல் ஆனது. திரையில் தெரியும் நேர்மையை வைத்து அந்தத் துறையையே மதிப்பிடுகிறவர்கள் அதை அவசியம் படிக்க வேண்டும்.

தமிழர்கள் இந்தப் படங்களில் எங்கே இருக்கிறார்கள் என்று நமக்குக் கேட்கத் தோன்றும். வெகுகாலம் "பாண்டி"யாக இருந்தார்கள், அடியாளாக, வட்டிக்காரனாக, சத்தம் போடுகிறவனாக. (தமிழ்ப் படங்கள் மலையாளிகளை டீக்கடை நாயராகவும் மலையாளப் பெண்களை வேறு விதமாகவும் காட்டிய பாவத்தையும் சேர்த்தே சொல்லவேண்டும்.) 'கும்பளங்கி'யில் மூத்த அண்ணன் சஜி வேலை செய்வது முருகன் என்கிற தமிழனின் இஸ்திரிக் கடையில். சஜியின் உயிரைக் காப்பாற்றப் போய் முருகன் செத்துப்போகிறான். அவனுடைய கர்ப்பிணி மனைவி சதியை, வேறு போக்கிடம் இல்லாதவளை, சஜி தன் கதவில்லாத வீட்டுக்கு அழைத்து வருகிறான். அந்த வீடு வீடாக ஆரம்பிப்பதே அந்தத் தமிழ்ப் பெண் வந்த பிறகுதான்.

லிஜோ ஜோஸ் பெல்லிசேரியின் 'நண்பகல் நேரத்து மயக்கம்' இன்னும் ஒரு படி போகிறது. வேளாங்கண்ணிக்குப் போய்விட்டு வேனில் திரும்பும் நாடகக் குழு. அதில் ஜேம்ஸ், தமிழ்ச் சாப்பாடு பிடிக்காது, டீயில் சர்க்கரை அதிகம் என்று புகார், தமிழ்ப் பாட்டு வேண்டாம் என்கிறவர். மதியத் தூக்கம் கலைந்ததும் வேனை நிறுத்தச் சொல்லி இறங்கி, சோளக்காட்டு வழியே ஒரு கிராமத்துக்குள் போய், இரண்டு வருடமாகக் காணாமல் போன சுந்தரத்தின் வீட்டில் சுந்தரமாகவே நுழைகிறார். கைலி கட்டுகிறார், மாட்டுக்குத் தீவனம் வைக்கிறார், டீயில் சர்க்கரை கூடப் போடச் சொல்கிறார். படம் முழுக்கப் பின்னணியில் பழைய தமிழ்ப் பட வசனமும் பாட்டும் எந்த வீட்டு டிவியிலிருந்தோ கேட்டுக்கொண்டே இருக்கும். காத்திருக்கும் வீடு இங்கே தமிழ் வீடு, ஊரில் இல்லாதவர் தமிழர், இரண்டு மொழிக்கும் நடுவே எல்லை எவ்வளவு மெல்லியது என்பதை மம்மூட்டியின் நடையே சொல்லிவிடுகிறது.

இவ்வளவு நுணுக்கமாகப் பார்க்கத் தெரிந்த சினிமா மூணாறைப் பார்ப்பதில்லை என்பது எனக்கு உண்மையிலேயே வருத்தம். படங்களில் மூணாறு என்றால் பனி, தேயிலைச் சரிவு, தேனிலவு ஜோடி. தலைமுறை தலைமுறையாக அங்கே கொழுந்து பறிப்பவர்கள் தமிழர்கள். 2015 செப்டம்பரில் தொழிற்சங்கத் தலைவர்களை ஓரம் கட்டிவிட்டுப் பெண்களே முன்நின்று நடத்திய பெம்பிளை ஒருமைப் போராட்டம் அங்கேதான் நடந்தது. 2020 ஆகஸ்டில் பெட்டிமுடியில் நிலச்சரிவில் எழுபது பேரைப் பறிகொடுத்த லயன் வீடுகள் அங்கேதான் இருந்தன. முதல் மலையாளப் படம் இலங்கைத் தோட்டத்துக்குப் போனது, தன் சொந்த மலையில் இருக்கும் தோட்டத்துக்கு அடுத்த தலைமுறை இன்னும் சரியாகப் போகவில்லை.

போகிறவர்களின் முகமும் மாறிவிட்டது. 2018இல் வெளிநாட்டில் படிக்கப் போன கேரள மாணவர்கள் 1.29 லட்சம், 2023இல் அது இரண்டரை லட்சம். இவர்கள் பணம் அனுப்பப் போகிறவர்கள் இல்லை, வீட்டிலிருந்து பணம் வாங்கிக்கொண்டு போகிறவர்கள், பலர் திரும்பப்போவதும் இல்லை. 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பிலேயே கேரளத்தில் ஏறத்தாழப் பத்தில் ஒரு வீடு பூட்டிக் கிடந்தது. மிச்ச வீடுகள் பலவற்றில் வயதான இருவர், அல்லது ஒருவர். 'ஆண்ட்ராய்ட் குஞ்ஞப்பன்' (2019) இதைப் பையன்னூரில் வைத்துச் சொன்னது. மகன் ரஷ்யாவில் வேலைக்குப் போக வேண்டும், பிடிவாதக்கார அப்பாவைப் பார்த்துக்கொள்ள ஆள் நிற்பதில்லை, கடைசியில் மகன் ஒரு ரோபோவைக் கொண்டுவந்து விடுகிறான். அப்பா அதற்கு வேட்டி கட்டிவிட்டு ஊரைச் சுற்றுகிறார், மகன் வந்து கூப்பிட்டால் விடமாட்டேன் என்கிறார். தமிழில் 'கூகுள் குட்டப்பா' என்று வந்தது. ரோபோ கற்பனை, மற்ற எல்லாம் அந்த ஊரில் பக்கத்து வீட்டில் நடப்பது.

போனவர்கள் விட்ட வேலையைச் செய்ய வந்தவர்கள் இன்னொரு பக்கம். 2013இல் குலாட்டி நிதி, வரி ஆய்வு நிறுவனம் செய்த ஆய்வு, கேரளத்தில் வெளிமாநிலத் தொழிலாளர்கள் 25 லட்சம் பேர் என்று மதிப்பிட்டது. கிட்டத்தட்ட வெளிநாடு போன மலையாளிகளின் எண்ணிக்கையேதான். அரசு அவர்களை விருந்தினர் தொழிலாளர் என்கிறது, தெருவில் அஸ்ஸாம்காரரும் ஒடிசாக்காரரும் எல்லோருமே "பங்காளி", அதாவது வங்காளி. படங்களிலும் பெரும்பாலும் அப்படித்தான், பரோட்டா மாவு பிசையும் ஒரு முகம், தப்பும் தவறுமாக மலையாளம் பேசிச் சிரிப்பு மூட்டும் ஒரு முகம், இல்லாவிட்டால் கொலை நடந்ததும் முதலில் சந்தேகப்படும் முகம். துபாயில் தன்னை யாராவது இப்படிப் பார்த்தால் எப்படி வலிக்கும் என்று அரை நூற்றாண்டாகப் படம் எடுத்த சமூகம் இது. 'சூடானி ஃப்ரம் நைஜீரியா' (2018) ஒரு நல்ல விலக்கு: மலப்புறத்தில் அணிக்கு ஏழு பேர் ஆடும் செவன்ஸ் கால்பந்து ஆட வந்து காலை உடைத்துக்கொண்ட நைஜீரியப் பையனை, மொழி தெரியாத இரண்டு உம்மாக்கள் கவனித்துக்கொள்கிறார்கள். அவனும் வீட்டுக்குப் பணம் அனுப்ப வந்தவன்தான், அந்த உம்மாக்களுக்கு அந்த நிலைமையை யாரும் மொழிபெயர்த்துச் சொல்ல வேண்டியிருக்கவில்லை. ஆனால் அவன் விமானத்தில் வந்தவன், ரயிலில் பொதுப் பெட்டியில் வந்தவர்களுக்கு அந்த அளவு இடம் இன்னும் கிடைக்கவில்லை.

எர்ணாகுளம் மாவட்டத்தில் 2017இல் 'ரோஷ்ணி' என்று ஒரு திட்டம் தொடங்கினார்கள், வெளிமாநிலத் தொழிலாளர்களின் பிள்ளைகள் அரசுப் பள்ளியில் மலையாளத்தில் படிக்க உதவுவதற்கு. அப்போது முதல் வகுப்பில் சேர்ந்த பிள்ளைகள் இப்போது பதின்வயதில் இருக்கிறார்கள், வீட்டில் வங்காளமும் ஒடியாவும் இந்தியும், வெளியே சுத்தமான எர்ணாகுளம் மலையாளமும் பேசுகிறார்கள். பெரும்பாவூரில் ஒரு பிளைவுட் கம்பெனி ஷெட்டுக்குப் பின்னால் வளர்ந்த அப்படி ஒரு பிள்ளை எழுதி எடுக்கும் மலையாளப் படத்தைத்தான் நான் எதிர்பார்த்துக்கொண்டிருக்கிறேன்.